கொண்டி

கிணற்றுக்குள், நிலவறைக்குள், மூடிய வேனுக்குள், மலைமேல் பங்களாவின் பின்கட்டுக்குள் என்று இந்தப் பதினெட்டு வருஷத்தில் ராகேல் அடைபட்டுக் கிடக்காத இடம் இல்லை. திருவனந்தபுரத்தில் எடுக்கிற சைக்கோ திகில் படம் எதுவானாலும், அது தமிழுக்குப் போகும்போது உள்ளே மாட்டிக்கொண்ட பெண்ணுக்குக் குரல் ராகேல்தான். முகம் இருபத்தைந்து வயசுக்காரியுடையது. மூச்சு ஐம்பத்து மூன்று வயசுக்காரியுடையது. படம் முடிந்து பெயர்கள் ஓடும்போது அவள் பெயர் வருவதற்குள் சனம் எழுந்து வாசல் பக்கம் போயிருக்கும். பாதிப் படங்களில் பெயரே வராது. அவள் அதைக் கேட்டு யாரிடமும் சண்டைக்குப் போனதும் இல்லை.

நேமத்தில் வாடகை வீடு, வழுதக்காட்டில் ஸ்டூடியோ. காலையில் பஸ் ஏறி வந்து, பிளாஸ்கில் கொண்டுவந்த சீரகத் தண்ணீரைக் குடித்துவிட்டு, மைக் முன்னால் நின்று மத்தியானம்வரை செத்துப் பிழைப்பாள். படத்தைத் துண்டு துண்டாகத் திரையில் ஓட்டுவார்கள். நடிகையின் வாய் தெரிகிற இடத்தில் உதட்டுக்கு ஒத்துப் பேச வேண்டும். முதுகு தெரிந்தாலோ, அவள் கதவுக்கு அப்புறம் இருந்தாலோ, கொஞ்சம் இஷ்டப்படி போகலாம். வசனம் எல்லாம் முடிந்தபிறகு கடைசியாக மூச்சை மட்டும் பதிவு செய்வார்கள். விம்மல், திணறல், வறண்ட தொண்டை, வாயைப் பொத்திக்கொண்டு அழுகிற அழுகை. அதில் ராகேலை அடித்துக்கொள்ள ஆளே கிடையாது. சத்தமே வராது, ஆனால் கேட்கிறவனுக்கு நெஞ்சு அடைக்கும். சவுண்ட் இன்ஜினியர் அஜீஷ் அந்த மூச்சுகளைத் தனியாக எடுத்து வைத்திருந்தான். மற்ற நடிகைகளுக்கு வேண்டியிருந்தாலும் அதைத்தான் எடுத்து ஒட்டுவான்.

டைரக்டர்மார்களுக்கு அது போதாது. அலற வேண்டும். கதவை உடைக்கிற மாதிரி அலற வேண்டும். அவளும் கூலிக்கு அலறிக் கொடுப்பாள். அலறிவிட்டு மனசுக்குள் அவர்களைக் காறித் துப்புவாள். அடைபடுவது என்றால் என்னவென்று இந்தப் பயல்களுக்கு என்ன தெரியும்? கொண்டை ஊசியால் பூட்டைத் திறப்பார்களாம். சுவரில் நாள் கணக்குக் கீறுவார்களாம். கடைசியில் ஆணி ஒன்று கிடைக்குமாம். ஆணி கிடைக்கிற இடத்திலா ஒருவன் உங்களை அடைத்துவைப்பான்? முதல் ஒரு மணி நேரம் யாரும் கத்துவார்கள், சரி. அதற்கப்புறம் கத்தினால் வெளியே இருப்பவனுக்குத்தான் சந்தோஷம். அது தெரிந்த நிமிஷத்தில் வாய் தானாக மூடிக்கொள்ளும். பிறகு காதுதான் வேலை செய்யும். எந்தச் செருப்பு யாருடையது, எந்த நாற்காலியை யார் இழுத்தார்கள், இப்போது தண்ணீர் கேட்டால் கிடைக்குமா இன்னொரு ராத்திரி கூடுமா, எல்லாவற்றையும் சத்தத்தை வைத்தே எடைபோட வேண்டும். உயிரோடு இருப்பது என்றால் அவ்வளவுதான். அதைப் படமெடுத்தால் யார் பார்ப்பார்கள்?

ஒருதடவை ஒரு சின்ன வயசு டைரக்டரிடம் இதில் கொஞ்சம் சொல்லித் தொலைத்தாள். அவன் அசந்துபோய் நோட்டில் எழுதிக்கொண்டான். சேச்சிக்கு இதெல்லாம் எப்படித் தெரியும் என்று கேட்டான். படம் பார்த்துத்தான் என்றாள். அதற்குப் பிறகு யாரிடமும் வாயைத் திறக்கவில்லை.

எப்படித் தெரியும் என்பதை நான் சொல்கிறேன். பாறசாலைக்குத் தெற்கே, தமிழ்நாட்டு எல்லையை ஒட்டி, ஜெயன் என்று ஒரு மனிதர் இருந்தார். ஒன்றரை ஏக்கர் ரப்பர், ஒரு ஸ்பேர் பார்ட்ஸ் கடை, சர்ச்சில் பாட்டுக்குழுத் தலைவர். குடி கிடையாது, பீடி கிடையாது, பெண்களிடம் தலை நிமிர்ந்து பேசமாட்டார். ஊர் முழுக்க அவருக்கு நல்ல பெயர். ராகேலை அவருக்குக் கட்டிக்கொடுத்தபோது அவளுடைய வீட்டார் கர்த்தருக்கு ஸ்தோத்திரம் சொன்னார்கள். அவர் அவள்மேல் ஒருநாளும் கை வைத்ததில்லை. அதை அவரே எல்லோரிடமும் சொல்லிக்கொள்வார்.

கை வைக்க அவசியமில்லை, பின்கட்டில் ரப்பர் ஷீட் போட்டுவைக்கிற அறை இருந்தது. ஜன்னல் கிடையாது. காய்ந்த ஷீட்டின் புளிச்ச நாற்றமும் புகையும் எப்போதும் அங்கே நிற்கும். ராகேல் பால்காரனிடம் சிரித்துப் பேசினாள், குழம்பில் உப்பு கூடிவிட்டது, ஆராதனையில் திரும்பிப் பார்த்தாள் என்று ஏதாவது ஒன்று இருக்கும். அவர் குரலை உயர்த்தமாட்டார். "உள்ள போ" என்பார். அவள் போவாள். முதலில் இரண்டு மணி நேரம், அப்புறம் அரைநாள், அப்புறம் ஒரு ராத்திரி.

இதுவரை கேட்டது பெரிதில்லை, இனிமேல்தான். மகள் ரெனிக்கு நாலு வயசு முடிந்தபோது ஜெயன் ஆசாரியைக் கூப்பிட்டு அந்தக் கதவின் கொண்டியைக் கழற்றினார். அந்தப் பக்கத்தில் தாழ்ப்பாளைக் கொண்டி என்றுதான் சொல்வார்கள். கழற்றி, கீழே இறக்கி, ஒரு குழந்தையின் கைக்கு எட்டுகிற உயரத்தில் மாட்டச் சொன்னார். ஆசாரி ஏன் என்று கேட்டிருக்கமாட்டான், ஜெயன் அவ்வளவு மரியாதைக்காரர். அன்றைக்கு முதல் ராகேல் உள்ளே போனதும் அவர் மகளைக் கூப்பிடுவார், "கொண்டி போடு மக்ளே" என்பார். அம்மை ஒளிந்து விளையாடுகிறாள் என்று குழந்தைக்குச் சொல்லி வைத்திருந்தார். பிஞ்சுக் கை அந்த இரும்பைத் தள்ளுகிற சத்தம் உள்ளே கேட்கும். பிறகு கதவோடு வாய் வைத்து ராகேலுக்கு மட்டும் கேட்கிற மாதிரி சொல்வார்.

"நான் பூட்டல்ல, கேட்டியா. ஒனக்க மவளாக்கும் பூட்டினது."

ரெனிக்கு ஐந்து வயசாக இருக்கும்போது ஒரு வெள்ளிக்கிழமை காலையில் ராகேல் உள்ளே போனாள். ஜெயன் மார்த்தாண்டத்தில் சபைக் கன்வென்ஷனுக்குப் போனார். சாயங்காலம் வருவார் என்றுதான் அவள் நினைத்தாள். வரவில்லை. வீட்டில் ஐந்து வயசுக் குழந்தையும் கதவுக்கு இந்தப் பக்கம் அம்மாவும் மட்டும். குழந்தைக்கு உள்ளிருந்தே சொல்லிக்கொடுத்தாள். அடுப்புப் பக்கம் போகாதே, குடத்தில் தண்ணீர் இருக்கிறது குடி, பழக்குலையில் கீழே இருக்கிற பழத்தை எடு. கதவுக்கு அடியில் இரண்டு சின்னப் பாதங்கள் தெரிந்தன. அந்தப் பாதங்களைப் பார்த்து ராகேல் கெஞ்சினாள். "கொண்டிய எடு மக்ளே. அம்மைக்கு ஒண்ணும் இல்ல, கொண்டிய எடு." நூறு தடவை சொல்லியிருப்பாள். பாதங்கள் அங்கேயே நின்றன. கொண்டி அசையவில்லை. குழந்தை பயந்துவிடக்கூடாது என்று புடவையை வாயில் திணித்துக்கொண்டு சத்தமில்லாமல் அழுதாள். அஜீஷ் எடுத்து வைத்திருக்கிற அந்த மூச்சு அங்கே பிறந்ததுதான்.

மறுநாள் சாயங்காலம் மழை வந்தது. பக்கத்துத் தோட்டத்தில் ரப்பர் வெட்டுகிற ராஜமணி, முற்றத்தில் காய்கிற ஷீட் நனைகிறதே என்று எடுத்துப்போட வந்தவர், அழுக்குப் பாவாடையோடு பின்கட்டில் குந்தியிருந்த குழந்தையைப் பார்த்தார். கொண்டியை எடுத்தார். ராகேல் வெளியே வந்தாள், செருப்புகூடப் போடாமல் குழந்தையைத் தூக்கிக்கொண்டு ரோட்டுக்கு வந்து திருவனந்தபுரம் பஸ்ஸில் ஏறினாள். திரும்பிப் போகவில்லை. ஜெயன் அவளைத் தேடி ஊர் கூட்டவும் இல்லை, மானஸ்தர். இரண்டு வருஷம் கழித்துக் கிறிஸ்மஸ் பாட்டுப் பயிற்சியில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்தார், அதோடு முடிந்தது.

சபை நடத்துகிற பெண்கள் விடுதியில் இடம் கிடைத்தது. வேதாகமத்தைத் தமிழில் வாசித்து கேசட்டில் பதிவுசெய்கிற வேலை. அந்தக் கேசட்டைக் கேட்ட ஒருவர் சொல்லித்தான் ஸ்டூடியோ வாசலுக்கு வந்தாள். அவள் பட்டதைச் சொல்ல இன்னும் நிறைய இருக்கிறது, ஆனால் அவளுக்கு அது எதுவும் பொருட்டாக இருக்கவில்லை. ஒரே ஒரு விஷயம்தான் பொருட்டு. கொண்டி போட்ட கை தன்னுடையது என்று ரெனிக்கு ஒருநாளும் தெரியக்கூடாது.

அதற்காக அவள் ஒரு முழு ஜெயனைப் புதிதாக உண்டாக்கினாள். நல்லவர், நன்றாகப் பாடுவார், உன்னைத் தோளில் தூக்கிக்கொண்டு நடப்பார், சீக்கிரம் போய்விட்டார் பாவம். போட்டோவை சுவரில் மாட்டி வைத்தாள். பின்கட்டு, ஷீட் அறை, கொண்டி என்ற வார்த்தைகளை வாயிலிருந்தே ஒழித்தாள். நேமத்து வீட்டில் கதவைத் தாழ் போடு என்றுகூடச் சொல்லமாட்டாள், கதவைச் சாத்து என்பாள். ரெனியும் அப்பாவைப் பற்றி ஒன்றும் தோண்டிக் கேட்டதில்லை. மலையாள மீடியத்தில் படித்தாள், லேப் டெக்னீஷியன் ஆனாள், கழக்கூட்டத்தில் விடுதியில் தங்கி வேலைக்குப் போகிறாள். இருபத்தொன்பது வயசு. வருகிற மாப்பிள்ளையை எல்லாம் ஏதாவது சொல்லித் தட்டிக்கழிக்கிறாள், அது ஒன்றுதான் ராகேலுக்குக் குறை. குழந்தைக்கு ஒன்றும் நினைவில்லை, ஐந்து வயசில் என்ன நினைவிருக்கும் என்று ராகேல் இருபத்து நாலு வருஷமாகத் தனக்கே சொல்லிக்கொண்டு வந்தாள். அம்மாவின் படம் எதையும் ரெனி பார்ப்பதில்லை. பேடி என்பாள், மலையாளத்தில் பயம். ராகேலுக்கு அது பெரிய நிம்மதி.

அப்புறம்தான் இந்தப் படம் வந்தது. கதை உங்களுக்குத் தெரிந்த மாதிரிதான். பொன்முடிப் பக்கம் ஒரு டாக்டர், பார்வைக்குப் பசு, பங்களாவின் பின்னறையில் ஒரு பெண்ணை அடைத்து வைத்திருக்கிறார். அவருக்கு ஆறு வயசில் ஒரு மகள். அந்தக் குழந்தைதான் கதவுக்கு அடியில் தட்டைத் தள்ளும். ராகேல் முன்கூட்டியே கதை கேட்கிறவள் அல்ல. திரையில் துண்டு ஓடினபோதுதான் பார்த்தாள். மூடிய கதவு. அதன் முன்னால் குழந்தை. கேமரா குழந்தையின் முகத்திலேயே நிற்கிறது. அடைபட்டவளின் குரல் மட்டும் உள்ளிருந்து வர வேண்டும்.

தாளில் இருந்த வசனம் இது: "பாப்பா, தாழ்ப்பாளைத் திறம்மா. ஆன்ட்டிக்கு ஒண்ணும் இல்ல, திறம்மா."

விளக்கு சிவப்பானது. ராகேல் திரையில் அந்தக் குழந்தையின் காலைப் பார்த்தாள். அவ்வளவுதான் அவளுக்குத் தெரியும். பேசி முடித்து நிமிர்ந்தபோது கண்ணாடிக்கு அப்புறம் அஜீஷ் ஹெட்போனைக் கழற்றி வைத்துவிட்டு முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தான். வாய் தெரியாத காட்சி, உதடு ஒட்ட வேண்டிய கவலை இல்லை. அவன் நிறுத்தவே இல்லை. திரும்ப ஓட்டிக் கேட்டபோதுதான் என்ன சொன்னோம் என்று அவளுக்குத் தெரிந்தது. "கொண்டிய எடு மக்ளே. அம்மைக்கு ஒண்ணும் இல்ல, கொண்டிய எடு." ஸ்பீக்கரில் சுத்தமாக, எழுத்து எழுத்தாக வந்தது.

தப்பு நடந்துவிட்டது, இன்னொரு டேக் போகலாம் என்று அவசரமாகச் சொன்னாள். தமிழ் வசனத்தை மேற்பார்க்கிற தாணுமாலயன் நாற்காலியிலிருந்து எழுந்தே விட்டார். நாகர்கோவில்காரர், சென்னையில் முப்பது வருஷம் பாஷைக்காக உதை வாங்கினவர். ஒவ்வொரு வசனத்திலும் ஊர் வாடை அடிக்கிறது என்று அவர் எழுதியதை அங்கே அடித்துத் திருத்துவார்கள். இன்றைக்கு ஒரு கொண்டி தானாக வந்து விழுந்திருக்கிறது, விடுவாரா மனிதர்?

"அக்கா, இது நம்ம சொல்லாக்கும். கெடக்கட்டு. மெட்ராஸ்காரன் ஒருதடவ கேட்டுத் தெரிஞ்சுக்கிடட்டு."

அம்மை என்று வந்துவிட்டதே, இவள் அந்தக் குழந்தைக்கு அம்மா இல்லையே என்று ராகேல் வாதாடிப் பார்த்தாள். தாணுமாலயன் கொச்சிக்குப் போன் போட்டு டைரக்டருக்கே அதைக் கேட்கவைத்தார். டைரக்டர் துள்ளிக் குதித்தார். உயிர்பிழைக்க வேண்டி அவள் தன்னையே அந்தக் குழந்தையின் தாயாக நம்பத் தொடங்கிவிட்டாளாம். அது ஒரு சைக்கலாஜிக்கல் லேயராம். தன் மனசில் இருந்ததை சேச்சி எப்படிக் கண்டுபிடித்தார்கள் என்று ஆச்சரியப்பட்டார். லேயராம் லேயர்! ராகேலுக்கு அங்கேயே தலையில் அடித்துக்கொண்டு அழ வேண்டும் போல இருந்தது. காரணம் சொல்லாமல் வேண்டாம் என்று எத்தனை தடவைதான் சொல்ல முடியும்? ஒரு வாரம் பொறுத்து, தாணுமாலயன் இல்லாத நேரம் பார்த்து அஜீஷிடம் தனியாகப் போய்க் கேட்டாள். மிக்ஸிங் முடிந்து கொச்சிக்குப் போய்விட்டது, இனி ஒன்றும் செய்ய முடியாது சேச்சி என்று அவன் கையை விரித்துவிட்டான். இது உங்கள் பெஸ்ட் என்று வேறு சொன்னான்.

படம் தியேட்டரில் மலையாளத்தில் நன்றாக ஓடியது. தமிழ் ஓடிடியில் வரும், ஒரு வெள்ளிக்கிழமை என்று தேதி சொன்னார்கள். அந்த வாரம் ரெனி போனில் பேசும்போது, விடுதியில் எல்லோரும் சேர்ந்து பார்க்கப் போகிறார்கள், இந்தத் தடவை அம்மாவின் குரலைக் கேட்க வேண்டும் என்று சிநேகிதிகள் பிடிவாதம் பிடிக்கிறார்கள் என்றாள். படம் ரொம்பக் கோரம், உனக்குத் தூக்கம் வராது என்றாள் ராகேல். சரி பார்ப்போம் என்றாள் ரெனி.

இரண்டு நாள் மண்டையை உடைத்துக்கொண்டு ராகேல் கண்டுபிடித்த வழியைக் கேட்டால் சிரிப்பீர்கள். பொன்முடி அடிவாரத்தில் கல்லாறு. விதுரை தாண்டினால் போனில் சரியாக ரேஞ்ச் கிடைக்காது. வெள்ளிக்கிழமை பொது விடுமுறை. காலையில் மகளைக் கூட்டிக்கொண்டு போய் ஆற்றங்கரையில் ஒரு அறை எடுத்து மூன்று நாள் உட்கார்ந்துவிட்டால், விடுதிப் பெண்கள் படத்தைப் பார்த்து முடித்துவிடுவார்கள், அதற்கப்புறம் அந்தப் பேச்சே வராது. பிறகு ஒருநாள் தனியாகப் பார்த்துவிட்டால்? அதை அவள் யோசிக்கவில்லை. அடுத்த மூன்று நாளைத் தாண்டி யோசிக்காமல் இருப்பது அவளுக்கு அந்த அறையில் பழகியது.

ரெனி மறுபேச்சு இல்லாமல் ஒத்துக்கொண்டாள். தம்பானூரில் பஸ் ஏறும்போதே அவள் கண்கள் வீங்கியிருந்தன. லேபில் வேலை அதிகம் என்று ராகேல் நினைத்துக்கொண்டாள். நெடுமங்காடு தாண்டி இரண்டு பேருக்கும் ஜன்னல் காற்றில் தூக்கம் வந்தது. கல்லாற்றில் இறங்கி, பாலத்துக்கு அடியில் சின்னக் கடையில் புட்டும் கடலையும் சாப்பிட்டார்கள். தண்ணீர் குறைவாக, உருண்டைக் கற்களுக்கு நடுவே ஓடியது. ஆற்றில் இறங்காதீர்கள் என்ற போர்டுக்குப் பக்கத்திலேயே நாலைந்து குடும்பங்கள் இறங்கிக் குளித்துக்கொண்டிருந்தன. அம்மாவும் மகளும் கொஞ்சம் தள்ளி ஒரு பாறையில் உட்கார்ந்தார்கள். ரெனி போனை எடுத்துப் பார்த்துவிட்டுப் பைக்குள் வைத்தாள். ரேஞ்ச் இல்லை. ராகேலுக்கு அப்பாடா என்று இருந்தது.

"அம்மா, படம் நான் பாத்தாச்சு," என்றாள் ரெனி. "ராவிலே நாலு மணிக்கு எந்திச்சு பாத்தேன்."

ராகேல் பாறையில் அவள் பக்கம் திரும்பி உட்கார்ந்தாள்.

ரெனி ஆற்றைப் பார்த்துக்கொண்டே பேசினாள். இந்தப் படம் மட்டும் இல்லையாம். அம்மா பேசின எல்லாப் படத்தையும் பார்த்திருக்கிறாளாம். பத்தாவது படிக்கும்போது தொடங்கியது, விடுதிக்கு வந்தபிறகு ஹெட்போன் வைத்துக்கொண்டு ஒன்றுவிடாமல். பேடி என்று சொன்னது பொய் இல்லை. "எந்தப் படத்திலயாவது நீ அத சொல்லிருவியோன்னு பேடி," என்றாள். ஒவ்வொரு படத்திலும் கதவு வரும்போது மூச்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாளாம். அம்மா சொல்லாமல் அந்தக் காட்சி தாண்டினால், சரி, அம்மை மறந்துவிட்டாள் என்று நினைத்துக்கொள்வாளாம். இப்படியே பதினாலு வருஷம்.

"எனக்கு எல்லாம் ஓர்மை உண்டு. கொண்டி கைக்கு எட்டுற எடத்துல இருந்துச்சு. தள்ளுறதுக்கு ரெண்டு கையும் வேணும்."

ஒரு பெண் இருபத்து நாலு வருஷம் வாயைக் கட்டி, வயிற்றைக் கட்டி, ஒரு சொல்லை ஒளித்து வைக்கிறாள். அதே வீட்டில், அதே சாப்பாட்டு மேஜையில், அந்தச் சொல்லைத் தெரியாத மாதிரி இன்னொருத்தி உட்கார்ந்திருக்கிறாள். என்ன கொடுமை இது. ராகேல் மகளின் கையைப் பிடித்துக்கொண்டாள். நீ சின்னக் குழந்தை, அப்பா சொன்னதைச் செய்தாய், பயந்துபோய்த் திறக்காமல் இருந்தாய், அதில் உன் தப்பு ஒன்றும் இல்லை என்று வரிசையாகச் சொன்னாள். இருபத்து நாலு வருஷமாக மனசுக்குள் ஒத்திகை பார்த்து வைத்திருந்த வரிகள் அவை.

ரெனி கையை விடுவித்துக்கொண்டாள். "தொறந்தேம்மா," என்றாள். "சனியாழ்ச்ச உச்சி வெயிலுக்கு. நீ சத்தம் போடாம ஆயிட்ட. செத்துப் போயிட்டியோன்னு நெனச்சு கொண்டிய எடுத்தேன். நீ ஷீட்டு மேல வாயத் தொறந்து கெடந்து உறங்கின. பாத்தேன். பொறவு அடச்சு கொண்டிய போட்டேன்."

ஏன் என்று மட்டும் கேட்டாள் ராகேல்.

"கொண்டிய எடுத்தா அம்மை ஒன்ன விட்டுட்டுப் போயிருவா, பின்னே வரமாட்டான்னு அப்பா சொல்லியிருந்தாரு. நீ போயிருவியேன்னுதான் போட்டேன்."

சொல்லிவிட்டு ரெனி திரும்பி அம்மாவின் முகத்தைப் பார்த்தாள். "நான் அப்ப அடைக்காம இருந்திருந்தா, நீ என்ன எடுத்துட்டுத்தானே போயிருப்ப?"

இதற்குப் பதில் ஒன்றுதான் என்று நாம் நினைப்போம். எந்தத் தாயும் அதைச் சொல்லிவிடுவாள். ராகேலுக்கு அதைச் சொல்ல இரண்டாவது டேக் வேண்டாம், முதல் தடவையிலேயே நம்புகிற மாதிரிச் சொல்லக்கூடியவள். ஆனால் அவள் யாரிடமும் சொல்லாத இன்னொன்று இருந்தது. அதை ஜெபத்தில்கூட வாய்விட்டுச் சொன்னதில்லை. அந்தச் சனிக்கிழமை விடியும்போது, கதவுக்கு அடியில் அந்த இரண்டு பாதங்களைப் பார்த்துக்கொண்டே அவள் ஒரு முடிவுக்கு வந்திருந்தாள். கதவு திறந்தால் ஓடுவது. தனியாக ஓடுவது. இது அவனுடைய குழந்தை, அவனுடைய கை. இதை அவனே வைத்துக்கொள்ளட்டும். அந்த நேரத்தில் தான் பெற்ற குழந்தையை அவள் வெறுத்தாள். சாயங்காலம் ராஜமணி கதவைத் திறந்தபோது குழந்தை வந்து காலைக் கட்டிக்கொண்டது. ராஜமணி பார்த்துக்கொண்டு நின்றார். ஒரு மனிதர் பார்த்துக்கொண்டிருக்கும்போது உதறிவிட்டுப் போக முடியவில்லை. அதனால் தூக்கிக்கொண்டாள். பஸ்ஸில் நெய்யாற்றின்கரை வந்தபிறகுதான் அந்தக் குழந்தை தன் குழந்தையாக மடியில் இருந்தது.

ஆமாம் என்று சொல்லலாம். ஆமாம் என்று சொன்னால் என்ன ஆகும் என்பதும் அவளுக்குத் தெரிந்தது. அம்மா கூட்டிக்கொண்டு போயிருப்பாள், நான்தான் சும்மா பயந்து, தண்ணீர் இல்லாமல் செத்துக்கொண்டிருந்தவளை மறுபடியும் பூட்டினேன் என்று இந்தப் பெண் சாகும்வரை சுமப்பாள். அந்தப் பொய் மகளைக் காப்பாற்றாது, தன்னைத்தான் காப்பாற்றும். ராகேல் இரண்டு கையாலும் முகத்தை அழுத்தித் துடைத்துக்கொண்டாள்.

"இல்ல மக்ளே," என்றாள். "அப்ப தொறந்திருந்தா ஒன்ன விட்டுட்டுப் போயிருப்பேன். ராஜமணி அண்ணன் பாத்துட்டு நின்னதுனாலயாக்கும் ஒன்ன எடுத்தேன்."

ரெனி அழவில்லை. கோபப்படவும் இல்லை. ராகேல் பயந்த எதுவும் அந்த முகத்தில் வரவில்லை. இருபத்தொன்பது வயசு முகம் கொஞ்சம் கொஞ்சமாகத் தளர்ந்தது. நெற்றி விரிந்தது. அம்மாவின் பக்கம் நகர்ந்து வந்து அவள் தோளில் தலையைச் சாய்த்தாள்.

"அப்ப நான் கொண்டி போட்டது சரிதான், இல்லியா அம்மே?" என்று கேட்டாள்.

ராகேல் அவள் தலையைத் தடவிக்கொண்டே இருந்தாள். சரிதான் மக்ளே, நீ போட்டது சரிதான் என்று சொன்னாள்.